மூழ்கியதைத் தூக்கக் கிரேனா, இரட்டைப் பார்ஜா, காற்றா?

2016-ஆம் ஆண்டின் பிற்பகுதியில், தென்கொரியாவின் செவோல் என்ற மூழ்கிய பயணிகள் கப்பலை மீட்கப் போன சீன நிறுவனம் பாதி வேலையில் திட்டத்தையே மாற்றியது. 44 மீட்டர் ஆழத்தில் இடப்பக்கமாகச் சாய்ந்து கிடந்த கப்பல் அது. பெரிய மிதக்கும் கிரேனால் தூக்கி, மிதக்கும் உலர்துறைக்குள் (கப்பலை உள்ளே ஏற்றியதும் நீரை வடித்துவிடும் தொட்டி) வைப்பதாகத்தான் முதலில் பேச்சு. குளிர்காலக் காற்று வரப்போகிறது, உயரமான கிரேன் அதில் தாக்குப்பிடிக்காது என்று கணக்குப் போட்டுவிட்டுக் கிரேனைக் கைவிட்டார்கள். இரண்டு தட்டையான பார்ஜுகளை இருபுறமும் நிறுத்தி, கப்பலுக்கு அடியில் நுழைத்த இரும்பு விட்டங்களின் முனைகளில் 66 வடங்களைக் கட்டி, ஹைட்ராலிக் ஜாக்குகளால் அங்குலம் அங்குலமாக இழுத்தார்கள். 2017 மார்ச் 22 இரவு தூக்கத் தொடங்கினார்கள். மறுநாள் விடிவதற்குள் கப்பலின் வலப்பக்கம் தண்ணீருக்கு மேலே தெரிந்தது.

பார்வைக்கு என்னவோ கிரேன்தான் கம்பீரம். பார்ஜ் வெறும் இரும்புப் பெட்டி. பெரும்பாலும் சொந்த இன்ஜின்கூட இருக்காது, இழுவைப்படகு வந்து இழுத்துப் போனால்தான் நகரும். ஆனாலும் கனமான வேலையில் அந்தப் பெட்டி கிரேனைத் தோற்கடித்த கதைகள் நிறைய. பெட்டியை நம்பிக் கெட்ட கதைகளும் உண்டு.

ஒரு கடற்படையோ துறைமுகமோ தூக்குக் கலம் ஒன்றை வாங்கவோ வாடகைக்கு எடுக்கவோ உட்காரும்போது, மேசையில் விழும் முதல் கேள்வி "எத்தனை டன் தூக்கும்?" என்பதுதான். அதைக் கடைசியாகக் கேட்பதே நல்லது என்பது என் கட்சி. அதற்கு முன்னால் மூன்று கேள்விகள் இருக்கின்றன. பாரம் கலத்தின் எந்த இடத்தில் தொங்கப்போகிறது? கடல் அசைந்தால் அந்த அசைவு எங்கே போய் இடிக்கும்? பாதியில் வானிலை கெட்டால், தூக்கியதைப் பத்திரமாகத் திரும்ப இறக்க முடியுமா?

டன் கணக்கு ஏன் ஏமாற்றும் என்று முதலில் பார்த்துவிடலாம். கடல்நீருக்குள் இரும்பு தன் எடையில் ஏறக்குறைய 13 சதவீதத்தை இழக்கும். 100 டன் இரும்பு அடியில் 87 டன்தான். இது நமக்குச் சாதகம். ஆனால் கப்பல் என்பது வெறும் இரும்பு இல்லை, உள்ளே சேறும் மணலும் சரக்கும் நிறைந்த பாத்திரம். நீருக்குள் இருக்கும்வரை உள்ளே உள்ள தண்ணீருக்கு எடை இல்லை. மேற்பரப்பைத் தாண்டத் தொடங்கியதும், வடியாத ஒவ்வொரு கனமீட்டரும் ஒரு டன்னுக்கும் மேல் கூடுதல் பாரம். அதனால்தான் அனுபவசாலிகள் கடலடியில் பயப்படுவதைவிட மேற்பரப்பில் அதிகம் பயப்படுகிறார்கள். அப்புறம் சேற்றின் பிடி. நெடுநாள் புதைந்து கிடந்ததைப் பிய்த்தெடுக்கும் அந்த முதல் நொடியில் எவ்வளவு விசை வேண்டும் என்று காகிதத்தில் கறாராகச் சொல்ல முடியாது. வெடுக்கென்று இழுத்தால் வடம் அறும். ஒரு முனையை முதலில் நெம்பி, அடியில் நீரைப் பீய்ச்சி, இழுவிசையை மணிக்கணக்கில் அப்படியே பிடித்து வைத்தால் சேறு தானாக விடும். ஆக, பொறுமையாகப் பிடித்து வைக்கத் தெரிந்த கலம் எது என்பதே இங்கே பெரிய தகுதி.

கிரேன் பார்ஜிலிருந்து தொடங்குவோம். இரண்டு சாதி உண்டு. ஒன்று சுழலும் கிரேன். கலம் நின்ற இடத்தில் நிற்க, கை மட்டும் சுற்றும். இன்னொன்று ஷியர்லெக். ஏணியைச் சாய்த்து வைத்த மாதிரி இரண்டு கால்கள், முன்னும் பின்னும் மட்டும் சாயும். பாரத்தைத் திருப்ப வேண்டுமானால் கலத்தையே திருப்பியாக வேண்டும். சுழலும் பொறிக்கு ஆகும் எடையும் செலவும் மிச்சம் என்பதால் ஷியர்லெக் அதிகம் தூக்கும். துறைமுகத்துக்குள் இன்ஜினை இறக்க, பீரங்கியை மாற்ற, படகைக் கரையேற்றச் சுழலும் கிரேன். மூழ்கிய கப்பலுக்கு ஷியர்லெக். இவ்வளவுதான் பொதுவான பிரிவு.

கடற்படைகளுக்குச் சுழலும் கிரேன்மேல் ஒரு பழைய காதல் உண்டு. அமெரிக்கப் போர்க்கப்பல் கியர்சார்ஜின் பீரங்கிகளைக் கழற்றிவிட்டு, 1920-இல் அதன்மேல் 250 டன் கிரேனை ஏற்றினார்கள். புதிய விமானந்தாங்கிக் கப்பலுக்குப் பெயர் தேவைப்பட்டபோது, 1941-இல் அதன் பெயரையும் பிடுங்கிக்கொண்டு "ஒன்றாம் எண் கிரேன் கப்பல்" என்று ஆக்கிவிட்டார்கள். பாவம். ஜெர்மானியர் 1941-இல் கட்டிய 350 டன் கிரேன் ஒன்று போருக்குப் பிறகு கலிபோர்னியாவின் லாங் பீச் கடற்படைத் தளத்துக்குப் போய், "ஹெர்மன் தி ஜெர்மன்" என்ற செல்லப்பெயரோடு அரை நூற்றாண்டு உழைத்தது. தளம் மூடப்பட்ட பிறகு, 1996-இல் பனாமா கால்வாய்க்குப் போய் டைட்டன் என்ற பெயரில் மதகுக் கதவுகளைத் தூக்கத் தொடங்கியது. அதே வகையில், போருக்குப் பிறகு பிரிட்டனின் பங்காகப் போன இன்னொரு கிரேன், இழுத்துச் செல்லும் வழியிலேயே ஆங்கிலக் கால்வாயில் மூழ்கிப்போனது. துறைமுகத்துக்குள் ராஜாவாக இருப்பது திறந்த கடலில் என்ன ஆகும் என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம்.

கிரேனின் சிக்கல் அதன் கையில் இருக்கிறது. 1,000 டன் என்று பட்டியலில் எழுதியிருந்தால், அது கை நிமிர்ந்து கொக்கி கலத்துக்கு அருகில் இருக்கும்போது மட்டும். 20 மீட்டர் தள்ளி 100 டன் தொங்கினால் கலத்தைக் கவிழ்க்கப் பார்க்கும் திருகுவிசை 2,000 டன்-மீட்டர். அதே 100 டன்னை 40 மீட்டர் தள்ளிப் பிடித்தால் அது 4,000. எனவே கை நீள நீளத் தூக்குதிறன் சரியும். நீங்கள் வாங்கிய 1,000 டன் கிரேன், மூழ்கிய கப்பலின் நடுப்பகுதிவரை எட்ட வேண்டிய அன்றைக்கு அதில் பாதிகூட இல்லை என்று தெரியவரும்.

இதைவிட நுட்பமான ஆபத்து நிலைத்தன்மையில் இருக்கிறது. மூழ்கிய கப்பல் தரையில் கிடக்கும்வரை அதன் எடை தரையின் பொறுப்பு. வடம் இறுகி அது தரையைவிட்டு எழுந்த கணமே, அவ்வளவு எடையும் கிரேன் கையின் நுனியில் உட்கார்ந்திருப்பதாகவே கணக்கில் கொள்ள வேண்டும். அதாவது 40 மீட்டர் ஆழத்தில் கிடந்தது, ஒரே நொடியில் 60 மீட்டர் உயரத்துக்கு ஏறிவிட்ட மாதிரி. போதாக்குறைக்கு, கலத்தின் சின்னச் சாய்வுகூடக் கையின் நுனியில் பெரிய வீச்சாக மாறும். அலையில் வடம் ஒரு கணம் தளர்ந்து மறுகணம் விறைத்தால் அந்த உதறல் எடையைவிடப் பல மடங்கு. செவோலிலேயே இது நடந்தது. விட்டங்களை நுழைப்பதற்காக 2016 ஜூனில் முன்பக்கத்தை மட்டும் சற்று உயர்த்தப் பார்த்தபோது, அலையின் ஏற்ற இறக்கத்தில் கம்பிவடம் கப்பலின் தகட்டையே கிழித்துக்கொண்டு உள்ளே இறங்கியது.

இதெல்லாம் சொன்னாலும் கிரேனுக்கு ஒரு பலம் இருக்கிறது. வேகம். 2010 மார்ச் 26 அன்று இரண்டாக உடைந்து மூழ்கிய தென்கொரியப் போர்க்கப்பல் சியோனானின் பின்பகுதி ஏப்ரல் 15-இலும் முன்பகுதி ஏப்ரல் 24-இலும் மேலே வந்துவிட்டன. மிதக்கும் கிரேன்கள், சங்கிலிகள், நீரடி வீரர்கள். நடுநடுவே காற்றும் அலையும் வேலையை நிறுத்திக்கொண்டே இருந்தன என்றாலும், ஒரு மாதத்துக்குள் முடிந்தது. 46 பேர் இறந்த விஷயத்தில், உடல்களையும் தடயங்களையும் தேடும்போது, அந்த வேகத்துக்கு விலை சொல்ல முடியாது. இரட்டைப் பார்ஜைக் கொண்டுவந்து ஏற்பாடு செய்வதற்கே அவ்வளவு நாள் ஆகியிருக்கும்.

துண்டு துண்டாக எடுக்கலாம் என்று முடிவானால் கிரேனுக்குப் போட்டியே கிடையாது. அமெரிக்காவின் பால்டிமோரில் 2024 மார்ச் 26 அன்று கப்பல் இடித்துப் பாலம் விழுந்தபோது, இரும்புச் சட்டங்களை வெட்டி வெட்டி எடுக்க வந்தவற்றில் முக்கியமானது செசபீக் 1000 என்ற மிதக்கும் கிரேன். ஜூன் 10-இல் கால்வாய் முழுதாகத் திறந்துவிட்டது. பசிபிக் அடியில் கிடந்த சோவியத் நீர்மூழ்கியை ரகசியமாகத் தூக்க அமெரிக்க உளவுத்துறை கட்டிய குளோமர் எக்ஸ்புளோரர் கப்பலுக்குக் கனமான பாகங்களை ஏற்றுவதற்காக, 1970-களில் பிறந்த கிரேன் இது. அப்போது அதன் பெயர் சன் 800.

சரி, பார்ஜுக்கு வருவோம். இங்கேதான் எனக்கு மனசு ஒட்டும்.

பார்ஜ் தூக்குவது இயந்திரத்தால் அல்ல, தன் மிதப்பால். 60 மீட்டர் நீளம், 20 மீட்டர் அகலமுள்ள பெட்டி ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். நீரைத் தொடும் பரப்பு 1,200 சதுர மீட்டர். அதை ஒரு சென்டிமீட்டர் அமுக்க 12 டன்னுக்குச் சற்று மேல் வேண்டும். ஒரு மீட்டர் அமுக்க 1,230 டன். இரண்டு பார்ஜுகளின் தொட்டிகளில் தண்ணீரை விட்டு இரண்டு மீட்டர் தாழ்த்தி, வடங்களை இறுக்கிக் கட்டிவிட்டு, அந்தத் தண்ணீரை இறைத்து வெளியேற்றினால், காகிதக் கணக்கில் 4,900 டன் தூக்குவிசை. இன்ஜின் கிடையாது, கை கிடையாது. பம்பு மட்டும். ஓதம், அதாவது கடல்மட்டத்தின் தினசரி ஏற்ற இறக்கம், நன்றாக ஏறும் கடலாக இருந்தால் பம்பும் பாதி வேலைதான் செய்ய வேண்டும். நீர் வற்றியிருக்கும்போது வடத்தை இறுக்கிவிட்டுக் காத்திருந்தால் மீதியை நிலா பார்த்துக்கொள்ளும். நடைமுறையில் 4,900 கிடைக்காது என்பது வேறு விஷயம். வடங்களும் தளத்தின் பலமும் அதற்கு முன்பே போதும் என்று சொல்லிவிடும்.

இந்த வித்தையைப் பெரிய அளவில் செய்து காட்டியவர்களில் எனக்குப் பிடித்தவர் எர்னஸ்ட் காக்ஸ். பழைய இரும்பு வியாபாரி, கப்பல் மீட்பில் முன்அனுபவம் கிடையாது. முதல் உலகப்போர் முடிந்தபின் ஸ்காட்லாந்தின் ஸ்காபா ஃபுளோவில் ஜெர்மானியர் தாங்களே மூழ்கடித்த கப்பல்களை விலைக்கு வாங்கினார். கூடவே ஜெர்மானியரின் மிதக்கும் உலர்துறை ஒன்றையும் வாங்கி, இரண்டாக வெட்டி, எதிரெதிராக நிறுத்திவிட்டார். நடுவில் மூழ்கிய கப்பல், அடியில் வடம், மேலே ஆட்கள் கையால் சுற்றும் வின்சுகள் (வடத்தைச் சுருட்டி இழுக்கும் உருளைகள்). முதலில் சங்கிலியால் முயன்றார், அறுந்தது. கம்பிவடத்துக்கு மாறிய பிறகு 1924 ஆகஸ்ட்டில் வி-70 என்ற நாசகாரிக் கப்பல் மேலே வந்தது. அடுத்த சில ஆண்டுகளில் அதே பாணியில் இருபதுக்கும் மேற்பட்ட நாசகாரிகள். பெரிய போர்க்கப்பல்களுக்கு இந்த வழி பத்தாது என்று அவருக்கே தெரிந்திருந்தது. அவற்றின் ஓட்டைகளை அடைத்துக் காற்றை நிரப்பி மிதக்கவைத்தார்.

சுவீடனின் வாசா இதைவிட நிதானமான பாடம். 1628-இல் முதல் பயணத்திலேயே மூழ்கி, 32 மீட்டர் ஆழத்தில் 333 ஆண்டுகள் கிடந்த மரக்கப்பல். நீரடி வீரர்கள் கும்மிருட்டுச் சேற்றுக்குள் நீரைப் பீய்ச்சி ஆறு சுரங்கங்கள் தோண்டி வடங்களை நுழைத்தார்கள். அதற்கே ஏறத்தாழ இரண்டு வருடம். ஓடன், ஃபிரிக் என்ற இரண்டு மிதவைகள் 1959-இல் அதைத் தரையைவிட்டுச் சற்றே எழுப்பி, ஆழம் குறைந்த பக்கம் நகர்த்தி, தரைதட்டியதும் மறுபடி வடத்தை இறுக்கி, இப்படியே 18 முறை செய்து 16 மீட்டர் ஆழத்துக்குக் கொண்டுவந்தன. 1961 ஏப்ரல் 24 அன்றுதான் அது மேற்பரப்பைத் தொட்டது.

இதற்கு எதிர்ப்பக்கத்தில் இங்கிலாந்தின் மேரி ரோஸை வையுங்கள். அதையும் மரக்கப்பல் என்று மென்மையாகத்தான் கையாண்டார்கள். நேரடியாகக் கொக்கி மாட்டாமல் சட்டகத்தில் தொங்கவிட்டு, நீருக்குள்ளேயே தொட்டில் ஒன்றில் இறக்கி, 1982 அக்டோபர் 11 அன்று டாக் மோர் என்ற மிதக்கும் கிரேன் தூக்கியது. தண்ணீருக்கு மேலே வந்தபிறகு சட்டகத்தின் ஒரு மூலை வழுக்கி, மொத்தமும் தொப்பென்று ஒரு மீட்டர் அளவுக்கு இறங்கியது. தொலைக்காட்சியில் நேரலையாகப் பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்கு நெஞ்சு நின்றிருக்கும். கப்பல் தப்பியது. ஆனால் அந்த வகைத் திடீர்ச் சறுக்கல், மிதப்பால் தூக்கும்போது நடப்பது அரிது. வடம் ஒன்று விட்டுப்போனாலும் கப்பல் போகக்கூடிய தூரம் கொஞ்சம்தான், தரை பக்கத்திலேயே இருக்கிறது.

கடற்படைகள் இந்த இரட்டைப் பார்ஜ் முறையைத் தொழிலாகவே வளர்த்தன. 1957-இல் ஐ.நா. சூயஸ் கால்வாயைத் துப்புரவாக்கியபோது எனர்கி, ஆஸ்டவர் என்ற ஜெர்மானியத் தூக்குக் கலங்கள் இரண்டும் அங்கே இருந்தன. பின்னர் அமெரிக்கக் கடற்படை அவற்றை வாங்கி, கிரில்லி, கிராண்டல் என்று பெயரிட்டது. அதே ஜோடி 1974-இல் மீண்டும் சூயஸுக்கே போய், போரில் மூழ்கிய பத்துக் கப்பல்களை அகற்றும் வேலையில் பங்கெடுத்தது. அந்தப் பெயர்கள் சும்மா வைத்தவை அல்ல. இருவரும் கடற்படை நீரடி வீரர்கள், உயிரைப் பணயம் வைத்து உயர்ந்த பதக்கம் வாங்கியவர்கள். அவர்களை ஒரு போர்க்கப்பலின் பெயராக்காமல் இரண்டு தட்டைப் பெட்டிகளுக்குச் சூட்டியது எனக்கு ரொம்பப் பொருத்தமாகப் படுகிறது.

ரஷ்யர்கள் ஒரு படி மேலே போய், ஜோடியை நிரந்தரமாகவே பூட்டிவிட்டார்கள். 1915-இல் சேவைக்கு வந்த வோல்கவ், பின்னாளில் கொம்முனா, இரண்டு உடல்களை மேலே வளைவுகளால் இணைத்த கலம். நடுவில் உள்ள இடைவெளியில் நீர்மூழ்கியைத் தூக்கிக்கொள்ளும். 1,000 டன் திறன். நூறு ஆண்டுகள் தாண்டியும் அதைக் கடற்படைப் பட்டியலில் வைத்திருந்தார்கள்.

குறைகளைச் சொல்லாவிட்டால் நியாயம் இல்லை. இரட்டைப் பார்ஜ் மெதுவானது, எரிச்சலூட்டும் அளவுக்கு மெதுவானது. ஒரு ஓதத்துக்கு ஒரு தூக்கு. பாரம் இரண்டு பார்ஜுகளின் உள்விளிம்பில் தொங்குவதால் இரண்டும் ஒன்றையொன்று நோக்கிச் சாயப் பார்க்கும். வெளிப்பக்கத் தொட்டிகளில் நீரை ஏற்றி ஈடுகட்ட வேண்டும், நடுவே விட்டம் கொடுத்து விலக்கிப் பிடிக்க வேண்டும். வடத்தை அடியில் நுழைக்க மனிதர்கள் கப்பலுக்குக் கீழே போக வேண்டும், இதுதான் மிகப் பெரிய குறை. பக்கத்தில் ஆழம் குறைந்த இடமும் இருந்தாக வேண்டும். திறந்த கடலில் நீண்ட அலை அடித்தால் இரண்டு பார்ஜுகளும் ஆளுக்கொரு தாளத்தில் ஆடும், அப்போது வடங்களின் கதி அதோகதி.

அந்தக் கடைசிக் குறைக்கு மருந்தாக வந்ததுதான் வட-ஜாக். பல இரும்புக் கம்பிகளைக் கொத்தாகப் பிடித்து, ஹைட்ராலிக் விசையால் சிறிது தூரம் ஏற்றி, ஆப்பு வைத்துப் பூட்டி, மறுபடி பிடித்து ஏற்றும் கருவி. மின்சாரம் போனாலும் ஆப்பு விடாது. நான் ஆரம்பத்தில் கேட்ட மூன்றாவது கேள்விக்கு, அதாவது பாதியில் நிறுத்த முடியுமா என்பதற்கு, இவ்வளவு தெளிவாக 'முடியும்' என்று சொல்லும் கருவி வேறு இல்லை. எந்த வடத்தில் எவ்வளவு பாரம் என்று கணினி பார்த்துச் சமன்செய்யும். உயரமே இல்லாததால் காற்றுக்கும் பிடி கிடையாது.

2000 ஆகஸ்ட் 12 அன்று 118 பேருடன் மூழ்கிய ரஷ்ய நீர்மூழ்கி குர்ஸ்க் 108 மீட்டர் ஆழத்தில் கிடந்தது. டச்சு நிறுவனங்கள் ஜெயன்ட் 4 என்ற ஒற்றைப் பார்ஜைத் தயார்செய்தன. பார்ஜின் உடலில் துளைகள் போட்டு 26 வடக்கொத்துகளைச் செங்குத்தாகக் கீழே இறக்கினார்கள். பாரம் கலத்தின் நடுவிலேயே தொங்கியது, வெளியே நீளும் கையும் இல்லை, இரண்டு பார்ஜுகளின் சண்டையும் இல்லை. ஒவ்வொரு ஜாக்குக்கும் அடியில் அழுத்திய வாயு நிரம்பிய ஸ்பிரிங். அலையில் பார்ஜ் ஏறினாலும் இறங்கினாலும் வடத்தின் இழுப்பு பெரிதாக மாறாது. வெடிக்காத டார்பிடோக்கள் இருக்கலாம் என்று முன்பகுதியை மட்டும் முன்கூட்டியே அறுத்துவிட்டார்கள். 2001 அக்டோபர் 8 அன்று குர்ஸ்க் தரையைவிட்டு எழுந்து, பார்ஜின் வயிற்றோடு ஒட்டியபடி கரைநோக்கிப் போனது. பல மாத ஆயத்தம், சுமார் 15 மணி நேரத் தூக்கு. செலவு கண்ணைக் கட்டும் என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

காற்றை நிரப்பித் தூக்கும் விஷயத்தைச் சுருக்கமாக முடிக்கலாம், ஏனென்றால் என் தீர்ப்பு தெளிவு: உதவிக்கு வைத்துக்கொள்ளுங்கள், தலைமை கொடுக்காதீர்கள். ஒரு கனமீட்டர் காற்று ஒரு டன்னுக்குச் சற்று மேல் தூக்கும். மலிவு, எடை குறைவு, லாரியில் கொண்டுபோகலாம். ஆனால் 10 மீட்டர் ஆழத்தில் இருக்கும் காற்று மேலே வரும்போது இரு மடங்காக விரியும். விரிந்தால் தூக்குவிசை கூடும், கூடினால் இன்னும் வேகமாக ஏறும். கடிவாளம் கிடையாது.

அமெரிக்க நீர்மூழ்கி ஸ்குவாலஸ் 1939 மே 23 அன்று 73 மீட்டர் ஆழத்தில் மூழ்கியது. உயிரோடிருந்த 33 பேரை மீட்புக் கூண்டு காப்பாற்றியது. கிராண்டலுக்குப் பதக்கம் கிடைத்தது இந்தப் பணிக்குத்தான். பிறகு மிதவை உருளைகளைக் கட்டிக் காற்றை நிரப்பினார்கள். ஜூலை 13 அன்று முன்பகுதி கட்டுக்கடங்காமல் நீரைக் கிழித்துக்கொண்டு வானத்தைப் பார்த்து எழுந்து, சில நொடியில் மறுபடி மூழ்கிவிட்டது. வடங்களும் உருளைகளும் சின்னாபின்னம். உருளைகளை வெவ்வேறு உயரங்களில் கட்டி, ஒரு சமயத்தில் கொஞ்ச தூரம் மட்டுமே ஏறும்படி செய்து, தவணை முறையில் இழுத்துச் சென்ற பிறகுதான் செப்டம்பர் 13 அன்று கரை சேர்ந்தது. கவனித்தீர்களா, கடைசியில் காற்றும் பார்ஜின் பொறுமையைத்தான் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது.

காற்று ஜெயித்த இடமும் உண்டு. கிரில்லிக்குப் பதக்கம் வாங்கித் தந்த எஃப்-4 நீர்மூழ்கி, 1915 மார்ச்சில் ஹோனலுலுவுக்கு வெளியே 93 மீட்டரில் மூழ்கியது. சேறு அள்ளும் பார்ஜுகளில் வின்ச் கட்டி அதைக் கரைப்பக்கம் இழுத்துவந்துவிட்டார்கள். முக்கால்வாசி வேலை முடிந்த நிலையில் கடல் கொந்தளித்து, வடங்களில் தொங்கிய நீர்மூழ்கியின் உடல் சேதமானது. அப்புறம் ஆறு மிதவை உருளைகளைப் புதிதாகச் செய்து வரவழைத்து, ஆகஸ்ட் 29 அன்று அவற்றால் மேலே கொண்டுவந்தார்கள். உருளைகள் நீருக்கு அடியில் இருந்ததால் மேலே அலை அடித்தாலும் அவற்றை அவ்வளவாக உலுக்கவில்லை. ஆழம் குறைவு, எடை மிதம், மேலே அலை என்றால் காற்றைத் தயங்காமல் எடுக்கலாம்.

எதை வாங்குவது, எதை வாடகைக்கு எடுப்பது? கடற்படைக்கு மூழ்கிய கப்பல் வெறும் இரும்பு இல்லை. வெடிமருந்து, ரகசியக் கருவிகள், சில சமயம் சொந்த வீரர்களின் உடல்கள். அதனால் எல்லாமே நம்மிடம் இருக்க வேண்டும் என்று தோன்றுவது இயல்பு. ஆனால் குர்ஸ்க்கைத் தூக்க ரஷ்யாவே வெளிநாட்டு நிறுவனங்களை அழைத்தது. அமெரிக்கக் கடற்படையும் தனியார் மீட்பு நிறுவனங்களோடு நிரந்தர ஒப்பந்தம் வைத்திருக்கிறது. ஆயிரம் டன் கிரேனை வாங்கிப் பத்து வருடம் கட்டிப்போட்டுப் பராமரிப்பதைவிட மோசமான முதலீடு குறைவு. வடம், கப்பி, சான்றிதழ் எல்லாம் ஒவ்வொரு வருடமும் பணம் கேட்கும். கிரேன் ஓட்டுபவர் பழக்கம் விட்டுப்போவார்.

என்னிடம் கேட்டால், சொந்தமாக வாங்க வேண்டியவை இரண்டு. ஒன்று, துறைமுகத்துக்குள் தினமும் வேலை செய்யும் நடுத்தரச் சுழலும் கிரேன் பார்ஜ். இன்னொன்று, விளிம்பில் வடமுருளைகளும், நன்றாகப் பிரித்த தொட்டிகளும், ஜாக் பொருத்துவதற்கேற்ற பலமான தளமும் கொண்ட இரண்டு தட்டைப் பார்ஜுகள். மீட்பு வேலை இல்லாத நாளில் அவை சரக்குச் சுமக்கலாம், பாலமாகலாம், பயிற்சித் தளமாகலாம். ராட்சத ஷியர்லெக்கும் ஜாக்குகளும் வாடகைக்கு வரட்டும். நீரடி வீரர்களையும் நிலைத்தன்மைக் கணக்குப் போடுபவர்களையும் மட்டும் வாடகைக்கு எடுக்கக் கூடாது. கடலுக்குப் போகும் மீட்புக் கப்பலிலும் இதே தத்துவத்தைச் சின்ன அளவில் வைக்கலாம். அமெரிக்காவின் சேஃப்கார்ட் வகைக் கப்பல்கள் முன்னும் பின்னும் உள்ள உருளைகளின் வழியே, இயந்திரத்தால் 300 டன்னும் ஓதத்தை நம்பி 350 டன்னும் தூக்கும்படி கட்டப்பட்டவை. ஓதத்துக்கு ஐம்பது டன் கூடுதல்!

விபத்து நடந்த அன்றைக்குத் தேர்வு வேறுமாதிரி. கால்வாய் அடைபட்டிருக்கிறது, துண்டாக்கினால் தவறில்லை என்றால் கிரேன். கப்பல் முழுதாக, உள்ளே இருப்பது கலையாமல் வர வேண்டும், கடலும் திறந்த கடல் என்றால் ஜாக் பொருத்திய பார்ஜ். ஒதுக்கமான விரிகுடா, நல்ல ஓதம், அவசரம் இல்லை, பணமும் இல்லை என்றால் காக்ஸின் வழி. 838 மீட்டரில் மூன்றாக உடைந்து கிடக்கும் இந்தோனேசிய நீர்மூழ்கி நங்காலா மாதிரி என்றால், முயன்று பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்ட அவர்களின் முடிவே சரி.

பெரும்பாலும் இவை கலந்துதான் வரும். 2018 நவம்பரில் மோதி மூழ்கிய நார்வேப் போர்க்கப்பல் ஹெல்கே இங்ஸ்டாடை, வானிலைக்குக் காத்திருந்து காத்திருந்து, 2019 பிப்ரவரி இறுதியில் குலிவர், ராம்பிஸ் என்ற இரண்டு கிரேன் கலங்கள் சேர்ந்து தூக்கின. ஆனால் தூக்கியதை வைக்க, பாதி மூழ்கக்கூடிய பார்ஜ் ஒன்று பக்கத்திலேயே காத்திருந்தது. செவோலுக்கும் அப்படி ஒரு பாதிமூழ்கிக் கப்பல் தேவைப்பட்டது. எப்படித் தூக்குவது என்று மாதக்கணக்கில் வாதிடுபவர்கள், எங்கே வைப்பது என்பதைக் கடைசி வாரத்துக்குத் தள்ளிவிடுவார்கள். குர்ஸ்க்கின் திட்டக்காரர்கள் தள்ளவில்லை. நீர்மூழ்கியை வயிற்றில் கட்டிய ஜெயன்ட் 4 நீரில் மிக ஆழமாக இறங்கியிருக்கும், ரோஸ்லியாகோவா உலர்துறைக்குள் நுழையாது என்று அவர்களுக்கு முதலிலேயே தெரியும். பார்ஜையே அடியிலிருந்து உயர்த்திப் பிடிக்க இரண்டு பெரிய மிதவைகளை, முதல் வடம் கடலுக்குள் இறங்குவதற்கு முன்பே செய்யச் சொல்லிவிட்டார்கள்.